இல்லாத பிரேக்

டிரைவிங் வாத்தியார் ஊரில் பாதிப் பேருக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுத்தவர். ஆனால் பாவம், சைக்கிள் வராது. ஞாயிறு காலையில் மனைவியும் மகளும் சைக்கிளில் ஏரியைச் சுற்ற, அவர் கரையில் உட்கார்ந்து பைகளுக்குக் காவல் இருப்பார். அந்த உத்தியோகம் அவருக்கு அலுத்துப்போயிற்று. ஒரு மாதம் மைதானத்தில் விழுந்து புரண்டு பழகி, இந்த ஞாயிறு தானும் கிளம்பிவிட்டார்.

தொல்லை கொடுத்தது கால்தான். பயிற்சிக் காரில் வாத்தியார் பக்கமும் ஒரு பிரேக் உண்டு. இருபது வருடம் அதையே மிதித்த கால், ஆபத்து என்றால் மூளையைக் கேட்காமலே மிதித்துவிடும். சைக்கிளில் பெடலை விட்டு அப்படி மிதித்தால் காற்றுதான் நசுங்கும்.

"அப்பா, பிரேக் கையில இருக்கு!" என்று கத்தினாள் மகள்.

"எனக்குத் தெரியுதும்மா. காலுக்குத்தான் தெரியல!"

வேறு வழியில்லாமல், மாணவர்களை அதட்டுவதுபோல் தன்னையே அதட்டினார். "கண்ணு ரோட்டுல! கம்பத்தப் பாக்காத, பாத்தா அங்கதான் போவ!" ஆச்சரியம், உடம்பு கேட்டது. அந்தக் குரலுக்கு அதுவும் பயந்தது போலும். பாதி ஏரி தாண்டியாயிற்று.

அப்போது பாதையின் குறுக்கே ஒரு நாய் வந்து படுத்தது.

"பிரேக்க்க்!" என்று கர்ஜித்தார்.

ஏரிக்கரையே நின்றது. முன்னால் சைக்கிளில் போன மனைவி நின்றாள். எதிரே நடந்து வந்த ஊர் முடிதிருத்துபவர் நின்றார். மெதுவோட்டம் ஓடிய பல் டாக்டர் வலது காலை அழுத்தி ஊன்றிச் சிலையானார். எல்லாரும் வாத்தியாரிடம் கார் பழகியவர்கள். நாய்கூட எழுந்து ஓடிவிட்டது. நிற்காதது வாத்தியார் மட்டும். கால் காற்றை இரண்டு முறை மிதிக்க, சைக்கிள் கோரைக்குள் புகுந்து தண்ணீரில் இறங்கியது.

இடுப்பளவு தண்ணீரில் நின்றவருக்கு அழுகை முட்டியது. அடுத்த வாரம் மறுபடியும் பைகளுக்குக் காவல்தான். ஊரே சிரித்துக்கொண்டிருந்தது. மனைவி வந்து கை கொடுத்தாள்.

"ஏறுங்க, இன்னும் பாதி ஏரி பாக்கி இருக்கு."

"நானா? இதுக்கப்புறமுமா?"

"நான் கார் கத்துக்கிட்டப்போ நம்ம வீட்டுச் சுவரையே இடிச்சேன். கீழ எறங்குன்னா சொன்னீங்க? ரிவர்ஸ் எடுன்னுதானே சொன்னீங்க?"

வாத்தியார் சைக்கிளை இழுத்துக் கரையேற்றினார். சொட்டச் சொட்ட ஏறி உட்கார்ந்து மிதித்தார். பக்கத்திலேயே அவளும் மிதித்துக்கொண்டு வந்தாள்.