பதில் எழுதாத இடம்

போஸ்ட்மேன் மறுபடியும் பாதியில் நிறுத்திவிட்டு என் பக்கம் திரும்பினார். கடைசி ஒத்திகை. மறுநாள் மூன்று மணிக்கு ஒரு ஆட்டம், ஆறு மணிக்கு இன்னொன்று.

“அக்கா, இந்த இடத்துல எனக்கு ஒரு வரிகூட இல்லையா?”

“இல்லைங்க. மௌனம்னுதான் போட்டிருக்கு.”

“சும்மா நின்னா வசனத்த மறந்துட்டான்னு நினைப்பாங்கக்கா. மானம் போயிடும்.”

போஸ்ட்மேன் என்றால் நிஜ போஸ்ட்மேன்; நாடகத்தில் அவருக்குப் புருஷன் வேடம். எங்கள் குழுவில் எல்லோரும் பிழைப்புக்கு வேறு வேலை பார்ப்பவர்கள். கதாநாயகி ஒரு பல் டாக்டர். யாராவது வசனத்தை மென்று முழுங்கினால் பழக்கதோஷத்தில் ‘வாயை நல்லாத் திறங்க’ என்பாள். நாடகத்தை எழுதியதும், மண்டபத்தின் கடைசியில் உட்கார்ந்து விளக்குகளைப் பார்த்துக்கொள்வதும் என் வீட்டுக்காரர். அவர் லிஃப்ட் மெக்கானிக். நான் அச்சகத்தில் மெய்ப்புப் பார்க்கிறவள். அதனாலேயே பக்கத் திரைக்குப் பின்னால் பிரதியோடு உட்கார்ந்து வசனம் எடுத்துக் கொடுக்கிற வேலை என் தலையில் விழுந்தது. இரண்டு வேலைக்கும் ஒரே சட்டம்தான். இருப்பதைக் காப்பாற்றலாம், இல்லாததைச் சேர்க்கக் கூடாது.

“நாடகம்னா கடைசில ஒரு பதில் சொல்லணும் சார்,” என்றாள் பல் டாக்டர், பின்னால் இருட்டைப் பார்த்து. “டிக்கெட் வாங்கிட்டு வர்றவங்க கேள்விய வீட்டுக்குத் தூக்கிட்டுப் போகவா வர்றாங்க?”

“கேள்விய ஒழுங்கா கேட்டுட்டாலே போதும்மா. பதில் சொல்ல நான் யாரு?” என்று அங்கிருந்து குரல் வந்தது.

நீங்க யாரா, அவ அப்பா என்று எனக்கு வாய்வரை வந்தது. முழுங்கிவிட்டேன்.

எங்கள் மகள் போய் நான்கு வருடம் ஆகிறது. ஆறு வயது. சாயங்காலம் காய்ச்சல் அடித்தது, மருந்து கொடுத்தேன், காலையில் டாக்டரிடம் போகலாம் என்று இருந்தேன். காலையில் போனபோது நேரம் கடந்துவிட்டது. அவ்வளவுதான், இரண்டு வரிக்கு மேல் வராது. இதை அவர் ஒன்றரை மணி நேர நாடகமாக எழுதியிருந்தார். மகளை மகனாக்கியிருந்தார், எங்கள் மாடி வீட்டைத் தனி வீடாக்கியிருந்தார். காய்ச்சலை மட்டும் மாற்றவில்லை. கடைசிக் காட்சியில் மனைவி புருஷனிடம் கேட்கிறாள்: அன்னைக்கு சாயங்காலமே தூக்கிட்டு ஓடியிருந்தா பிழைச்சிருப்பானா? அவன் ஜன்னலைப் பார்க்கிறான். விளக்கு மெல்ல அணைகிறது.

இந்தக் கேள்வியை நான் வீட்டில் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை. கேட்டால் அவர் ‘ஆமா’ என்று சொல்லிவிடுவாரோ என்று பயம். அவர் பென்சிலில் எழுதிய மூலப் பிரதியில் அந்த இடத்தில் மட்டும் தாள் அழித்து அழித்து மெலிந்து போயிருந்தது. வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்தேன். பத்து மைல் தூரத்திலிருந்தே எழுத்துப்பிழையைப் பிடிப்பாள் என்று அச்சகத்தில் என்னைக் கேலி செய்வார்கள். ஒரு எழுத்துகூடத் தெரியவில்லை.

மறுநாள் மூன்று மணி ஆட்டத்துக்கு மண்டபம் முக்கால்வாசி நிறைந்திருந்தது. எல்லாம் நன்றாகத்தான் போனது. கடைசிக் காட்சியில் பல் டாக்டர் கேட்டாள். ஒத்திகையில் இல்லாத ஏதோ ஒன்று அவள் குரலில் இருந்தது. கேட்டது நான்தான் என்று எனக்குத் தோன்றியது. போஸ்ட்மேன் ஜன்னலைப் பார்த்தார். ஜன்னல் என் பக்கம் இருந்தது. அவர் கண் தன்னாலே என் கண்ணுக்கு வந்தது, வசனம் மறந்தவர்கள் பார்ப்பது மாதிரியே. என் வாய் திறந்தது.

“இல்ல. பிழைச்சிருக்க மாட்டான்.”

பன்னிரண்டு வருடமாக நான் எடுத்துக் கொடுத்த எதையும் அவர் தட்டியதில்லை. “இல்ல,” என்று சபைக்குக் கேட்கும்படி சொன்னார். “பிழைச்சிருக்க மாட்டான்.” பல் டாக்டர் அப்படியே தரையில் உட்கார்ந்து அழுதாள். விளக்கு அணைய வேண்டிய நேரத்துக்கு அணையவில்லை. கொஞ்சம் கழித்து, ஞாபகம் வந்ததுபோல் பட்டென்று அணைந்தது.

“கடைசி நேரத்துல சேத்தாங்களாக்கா? ஜனங்க உச்சுக் கொட்டினாங்க,” என்று சந்தோஷமாகச் சொல்லிவிட்டுப் போஸ்ட்மேன் எல்லோரோடும் டீ குடிக்கப் போனார். நான் மேடையில் கிடந்த பெஞ்சில் உட்கார்ந்தேன். என் வீட்டுக்காரர் மண்டபத்தின் நீளம் முழுக்க நடந்து வந்து, படியேறி, என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

“நான் அத எழுதலையே.”

“எழுதலதான்.”

“ஆஸ்பத்திரி டாக்டர்கூட நம்மகிட்ட அப்படிச் சொல்லல.”

“சொல்லல. எனக்கு யாராவது சொல்லணும்போல இருந்துச்சு.” பிறகு, இனி இழக்க என்ன இருக்கிறது என்று துணிந்து கேட்டுவிட்டேன். “அந்த இடத்துல என்ன எழுதி அழிச்சீங்க?”

அவர் உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். “மொதல்ல, பிழைச்சிருப்பான்னு எழுதினேன். உம்மேல அவ்வளவு கோபம். அழிச்சிட்டு, மாட்டான்னு எழுதினேன். பொய்யா இருந்துச்சு. தெரியலன்னு எழுதினேன். நழுவுற மாதிரி இருந்துச்சு. அப்புறம் எழுதல.”

வலித்தது. ஆனாலும் நான்கு வருடத்தில் முதல் தடவையாக மூச்சு அடிவயிறு வரை போய் வந்தது. கோபம் என்ற சொல்லை அவர் அதுவரை என்னிடம் சொன்னதே இல்லை. அந்தத் தைரியத்தில் நானும் ஒன்றைச் சொன்னேன்.

“காலைல பாத்துக்கலாமான்னு அன்னைக்கு வேலைல இருந்த உங்களுக்கு போன் பண்ணிக் கேட்டேன். சரின்னீங்க.”

“அதான்,” என்றார். “அந்த ‘சரி’ய என்னால எந்த சீன்லயும் எழுத முடியல. அந்த ஆள வெளியூருக்கு அனுப்பிட்டேன்.”

ஆமாம். நாடகத்தில் புருஷன் வெளியூரில் இருக்கிறான், அவனுக்குச் சேதி போவதே மறுநாள்தான். ஆறு மாதமாக எழுத்தெண்ணிப் படித்த எனக்கு அது கண்ணில் படவே இல்லை. என் தப்பைத் தேடிய அவசரத்தில் அவர் விட்டிருந்த இடத்தைத் தாண்டிப் போய்விட்டேன். அவர் மேல் எனக்குக் கோபமும் வந்தது, பாவமாகவும் இருந்தது.

பின்கதவு திறந்தது. ஆறு மணி ஆட்டத்துக்கு யாரோ ஒரு தம்பதி சீக்கிரமே வந்துவிட்டார்கள். திரை போடவில்லை, மேடையில் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. எங்களைப் பார்த்ததும் அந்த மனிதர் செருப்புச் சத்தம் கேட்காமல் நடந்து, இரண்டாம் வரிசையில் உட்கார்ந்து, போனை எடுத்து அணைத்தார். நாடகம் ஆரம்பித்துவிட்டது என்று நினைத்துவிட்டார்கள்.

என் வீட்டுக்காரரும் அவர்களைப் பார்த்தார். எழுந்து போய்த் திரையை இழுப்பார் என்று நினைத்தேன். எழவில்லை. என் பக்கம் திரும்பி உட்கார்ந்தார்.

“அன்னைக்கு சரின்னு சொல்லிட்டு போன வைக்காம, நான் கிளம்பி வந்திருந்தா?”

இரண்டாம் வரிசையில் அந்த அம்மா மடியிலிருந்த கைப்பையைச் சத்தமில்லாமல் தரையில் இறக்கி வைத்துவிட்டு, என் பதில் கேட்க வேண்டும் என்று முன்னால் சாய்ந்தார்.