சிராஜின் கருஞ்சீரக வைத்தியம்

என் சமையலறையில் எந்த பாட்டிலிலும் பெயர் எழுதி ஒட்டியிருக்காது. எது எங்கே இருக்கிறதென்று எனக்குத் தெரியும், அது போதாதா? கடுகு, மிளகு, வெந்தயம், கருஞ்சீரகம் எல்லாம் ஒரே மாதிரி ஊறுகாய் பாட்டில்களில் வரிசையாக நிற்கும். என் கணவர் சிராஜ் ஒருமுறை, "லேபிள் ஒட்டித் தரட்டுமா அமீரு?" என்று கேட்டார். "இது என்ன பார்மசியா?" என்று விரட்டிவிட்டேன். இதைத் திமிர் என்று யாராவது சொன்னால் நான் மறுக்கப்போவதில்லை.

அது 2002 அக்டோபர். பக்கத்து ஊரான ரிச்சர்ட்சனில் டெலிகாம் கம்பெனிகள் ஆட்களைக் கொத்துக் கொத்தாக வீட்டுக்கு அனுப்பிக்கொண்டிருந்த நேரம். எங்கள் ஊரான ஆலனில் அடுத்த தெருவில் இருந்த யூனிஸின் கணவர் சாந்தகுமாருக்கும் வேலை போனது. நாலைந்து மணி நேரக் கார் பயணத்தில் இருக்கும் கேட்டி என்ற ஊரில் சின்னதாக ஒரு வேலை கிடைத்ததும் வீட்டை விற்றுவிட்டுக் கிளம்பினார்கள். வாங்கியவர்கள் வீட்டு முன்னால் புல்தரை போடப்போவதாகச் சொல்லிவிட்டார்கள். அந்த இடத்தில்தான் யூனிஸ் ஆறு வருஷமாக ருட்பெக்கியா என்ற பூச்செடி வளர்த்தாள். மஞ்சள் இதழ், நடுவில் காப்பிக்கொட்டை நிறத்தில் ஒரு குமிழ். தெருமுனையில் கார் திரும்பும்போதே கண்ணில் படும்.

கிளம்பும் அன்று ஒரு ஊறுகாய் பாட்டிலை என் கையில் திணித்தாள். உள்ளே முக்கால்வாசிக்குப் பொடிப்பொடியாகக் கறுப்பு விதை.

"அக்கா, அந்தச் செடியோட விதை மொத்தமும் இதுல இருக்கு. கேட்டியில அப்பார்ட்மென்ட்தான், மண்ணே கிடையாது. நீங்க உங்க யார்டுல போட்டு வளர்த்து வைங்க. நாங்க வீடு வாங்கினதும் வந்து எடுத்துக்கறேன்."

"இதுக்கா கண்ணு கலங்கறே? கடையில பாக்கெட் பாக்கெட்டா கிடைக்குமே!"

"கிடைக்கும்கா. ஆனா இது என் பொண்ணு ஷைனா பொறந்தப்ப அவர் வாங்கிப் போட்டது. அந்த வீட்லேர்ந்து எனக்குன்னு மிச்சம் இது ஒண்ணுதான்." அழுதேவிட்டாள். "இன்ஷா அல்லா, நீ வரும்போது பூத்து நிக்கும்" என்று வாக்குக் கொடுத்தேன்.

காரில் ஏறின பிறகும் கண்ணாடியை இறக்கிச் சொன்னாள்: "ஃபால்லயே, குளிருக்கு முன்னாடியே போட்டுடுங்கக்கா! மேலாகத் தூவினாப் போதும், மண்ணைப் போட்டு மூடிடாதீங்க. வெளிச்சம் படணும், குளிரும் படணும்!"

பாட்டிலை அடுப்படி வரிசையில் வைத்துவிட்டு, அடுத்த சனிக்கிழமையே எடுத்துப் போட்டேன். முன்பக்கப் பாத்தியைக் கிளறி, கல் பொறுக்கி, பாட்டிலில் இருந்ததை மணலோடு கலந்து தூவினேன். ராக்வீட் என்ற களைச்செடியின் மகரந்த அலர்ஜியில் மூக்கு முழுக்க அடைத்துக் கிடந்தது. இருந்தும் தும்மித் தும்மி வேலையை முடித்தேன். மகன் ஜாவித் ஜன்னல் வழியாகப் பார்த்து, "மாம், கம் இன்சைட்!" என்று கத்தினான். விடுவேனா?

அதே சமயத்தில் சிராஜுக்கும் சைனஸ். எங்கள் வீடுகளில் எந்த வியாதிக்கும் முதலில் நீளும் கை கருஞ்சீரகத்துக்குத்தான். தினமும் காலையில் அரை ஸ்பூன் எடுத்து அவர் உள்ளங்கையில் கொட்டி, ஒரு டம்ளர் தண்ணீரையும் கொடுத்துவிடுவேன். "காத்தாட நின்னு சாப்பிடறேன்" என்று பின்கதவைத் திறந்து வெளியே போவார். காலி டம்ளரோடு உதட்டைத் துடைத்துக்கொண்டே வருவார். சொன்ன பேச்சைக் கேட்கிறாரே என்று எனக்கு ஏகப்பட்ட பெருமை. ஜனவரியில் பாட்டில் காலியானது. புதிதாக வாங்கட்டுமா என்றேன்.

"வேணாம், வேணாம்! சைனஸ் போயே போச்சு" என்றார்.

"பாத்தீங்களா என் வைத்தியத்தை!" என்றேன். ஊரெல்லாம் போன் போட்டுச் சொன்னேன்.

மார்ச்சில் பாத்தி நிறைய முளைத்தது. இலையெல்லாம் சோம்புச் செடி மாதிரி மெலிசாக, பிசிர் பிசிராக இருந்தது. யூனிஸ் வீட்டுச் செடிக்கு அகல இலை என்று லேசாக ஞாபகம். சின்னதில் இப்படித்தான் இருக்கும் போல என்று என்னை நானே சமாதானப்படுத்திக்கொண்டேன். மே மாதம் பூத்தது. மஞ்சள் இல்லை. வெளிர்நீலம்.

யூனிஸிடமிருந்து போன் வந்ததும் அந்த வாரம்தான். "அக்கா, வீடு வாங்கிட்டோம்! ஜூன் பதினாலு சாட்டர்டே வர்றோம். பூத்துருச்சா?"

"நீ வா, வந்து பாரு" என்று சொல்லி வைத்தேன்.

ஜூன் முதல் வாரம், காய்ந்த காய் ஒன்றைப் பிரித்து விதையை விரலால் நசுக்கிப் பார்த்தேன். குப்பென்று வாசனை. சுத்தமான கருஞ்சீரகம்! அப்படியே பாத்தி ஓரத்தில் உட்கார்ந்துவிட்டேன். எந்த பாட்டிலை எடுத்துக்கொண்டு தோட்டத்துக்குப் போனேன், எந்த பாட்டிலை அடுப்படியில் வைத்தேன் என்பது அப்போதுதான் உறைத்தது.

சாயங்காலம் சிராஜ் ஷூவைக்கூடக் கழற்றவில்லை, பிடித்துக்கொண்டேன்.

"நீங்க மூணு மாசம் தின்னது என்ன தெரியுமா? யூனிஸோட தோட்டம்! ஒரு விதை பாக்கி வைக்காம முழுங்கிட்டீங்க! அந்தப் பொண்ணு மூஞ்சியில நான் எப்படி முழிப்பேன்? ருசி வித்தியாசம்கூடவா தெரியலை உங்களுக்கு?"

மனிதர் விழிக்கிறார். திருடன் முழி.

"என்ன?" என்றேன்.

"அமீரு... கோவிச்சுக்காதே. சின்ன வயசுலேர்ந்தே எனக்கு அந்தக் கசப்பு ஆகாது. நான் ஒருநாள்கூட வாயில போடலை."

"பின்னே?"

"ஏசி பெட்டிக்குப் பின்னால வீசிட்டு, தடயம் தெரியாம இருக்க டம்ளர் தண்ணியையும் மேல ஊத்திடுவேன்."

மூன்று மாசம்! தினமும் உதட்டைத் துடைத்துக்கொண்டு வந்த அந்த நடிப்பு! கையில் கரண்டி இருந்திருந்தால் என்ன நடந்திருக்குமோ. சைனஸ் குணமான கதையை யார் யாரிடமெல்லாம் அளந்திருக்கிறேன் என்று நினைத்துத் தலையில் அடித்துக்கொண்டேன். அப்புறம்தான் அவர் சொன்னது மண்டைக்குள் இறங்கியது. மேலாக வீசியிருக்கிறார், மூடவில்லை, குளிர்காலம் முழுக்கத் தண்ணீர். செருப்புக்கூடப் போடாமல் பின்பக்கம் ஓடினேன். குளவிக்குப் பயந்து வருஷக்கணக்கில் நான் எட்டிப் பார்க்காத மூலை அது. ஏசி பெட்டிக்கும் வேலிக்கும் நடுவில், நெருக்கியடித்துக்கொண்டு, சொரசொரப்பான அகல இலைகள். நூறு மொட்டாவது இருக்கும். நாலு விரிந்தே இருந்தது. மஞ்சள். நடுவில் காப்பிக்கொட்டை நிறக் குமிழ்.

"யா அல்லா!" என்று அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். அடிக்கத்தான் பிடித்தேன், ஆனால் அழுகை வந்துவிட்டது.

பதினாலாம் தேதி யூனிஸ் வந்தாள். முன்பக்கப் பாத்தியைப் பார்த்து முகம் விழுந்தது. அவள் கையைப் பிடித்துப் பின்னால் கூட்டிப் போனேன். அதற்குள் மொத்தமும் பூத்திருந்தது. புதுப் புடவையோடு அப்படியே மண்ணில் முட்டி போட்டு உட்கார்ந்தாள். ஒவ்வொரு பூவாகத் தொட்டுப் பார்த்தாள். "ஷைனா, இங்க வா! நம்ம பூ பாரு!" என்று குரல் உடைந்து கூப்பிட்டாள்.

இரண்டு செடியை வேரோடு தொட்டியில் வைத்துக்கொண்டாள். இந்த வெயிலில் மற்றதைப் பிடுங்கினால் பிழைக்காதாம், அக்டோபரில் வந்து விதையாக எடுத்துக்கொள்வாளாம்.

"எங்க வீட்லகூட இவ்வளவு அடர்த்தியா வந்ததில்லைக்கா. யாரு போட்டது? நீங்களா?"

உண்மையைச் சொல்ல வாயெடுத்தேன். பாட்டில், பேர் எழுதாத என் திமிர், எல்லாவற்றையும் சொல்லத்தான் வாயெடுத்தேன். சிராஜ் முந்திக்கொண்டார்.

"நான் வெறும் கூலிம்மா. தினமும் எண்ணி எண்ணி என் கையில விதையைக் குடுத்தது உங்க அக்காதான்."

அன்று ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு நானே போய் லேபிள் மெஷினைத் தேடி எடுத்து அவர் முன்னால் வைத்தேன். முதல் லேபிளை அடித்து, முன்பக்கப் பாத்தியில் விளைந்த கருஞ்சீரகத்தைப் போட்டு வைத்த பாட்டிலில் ஒட்டும்போது அவர் பலமாக ஒரு தும்மல் தும்மினார்.