தேதி சார் பார்க்காத தேதி

“கையெழுத்து என்னுதுதான். கடிதம் என்னுது இல்ல.”

வக்கீலம்மா பேனாவை மூடி வைத்தாள். “சார், இதை அப்படியே கோர்ட்ல சொன்னீங்கன்னா, ஜட்ஜ் என்னையும் சேர்த்து டாக்டர்கிட்ட அனுப்பிடுவார்.”

தேதி சார் சிரிக்கவில்லை. எந்தக் கோப்பு எந்தத் தேதியில் வந்தது, யார் என்றைக்கு வேலையில் சேர்ந்தார் என்று பதிவேட்டைத் திறக்காமலே சொல்கிறவர் என்பதால் அலுவலகம் வைத்த பெயர் அது. இருபத்தைந்து வருடங்களுக்கு முன் அவருக்கு வரவேண்டிய கண்காணிப்பாளர் பதவி, அவருக்குப் பின்னால் சேர்ந்தவனுக்குப் போனது. எழுத்தராகவே ஓய்வு பெற்றார். அன்றைய தேதியிலிருந்தே அந்தப் பதவி தனக்கு உண்டு என்று தீர்ப்பு வாங்க எட்டு வருடமாகக் கோர்ட்டுப் படி ஏறுகிறார். அடுத்த வாரம் கடைசி விசாரணை.

நேற்றுதான் துறை குண்டைத் தூக்கிப் போட்டது. ஒரு பழைய கடிதத்தின் நகல். ‘குடும்பச் சூழ்நிலை காரணமாக இந்த ஆண்டுக்கான பதவி உயர்வை ஏற்க இயலாத நிலையில் உள்ளேன்.’ கீழே, வால் நீண்ட அவருடைய கையெழுத்து.

அவர் பார்வை எழுத்துகளிலேயே சிக்கிக்கொண்டது. ‘ந’ வந்த இடமெல்லாம் வரிக்கு மேலே ஒரு மயிரிழை எம்பி நின்றது.

“இந்த மெஷின் எனக்குத் தெரியும்மா. அடிச்ச ஆளையும் தெரியும். நாளைக்கு வர்றேன்.”

பஸ்ஸில் ஜன்னலோர இடம் கிடைத்தது. கூடவே அந்தப் பழைய அறையும் வந்து உட்கார்ந்துகொண்டது. மூன்றாவது மாடி, தலையாட்டித் தலையாட்டியே காற்றுத் தராத மின்விசிறி, நடு ஜன்னலருகில் டைப்பிஸ்ட் அக்கா. அவள் மேஜையின் கடைசி டிராயரில், கார்பன் தாள்களுக்கு அடியில், எல்லோருடைய வெற்றுத் தாள்களும் இருக்கும். வெற்றுத் தாள்தான், ஆனால் கீழே கையெழுத்துப் போட்டது. பஸ் பத்து நிமிடம் தாமதமா? ஆள் மாடி ஏறுவதற்குள் அக்கா அதில் அனுமதி கேட்டுக் கடிதம் அடித்து மேனேஜர் மேஜையில் வைத்துவிடுவாள். ஒருவருக்கும் அதில் பயம் இருந்ததில்லை. சொந்த வீட்டுச் சாவியைக் கொடுப்பது மாதிரி கொடுத்துவிட்டுப் போனார்கள்.

அந்தத் தாள்களில் ஒன்றுதான் இப்போது அவர் கழுத்தை அறுக்கிறது.

தன் வீட்டுக் கதவைத் திறந்ததுமே அக்கா, “அடடே, தேதி! இன்னும் சட்டை பட்டனை மாத்தித்தான் போடறியா?” என்றாள்.

உட்காராமலே நகலை நீட்டினார். கண்ணாடியைத் தேடி மாட்டிக்கொண்டவள் முகம் மலர்ந்தது. “ந குதிக்குது பாரு! எத்தனை மெக்கானிக் வந்தும் அடங்கலையே கழுதை!”

“அக்கா, என் குடியைக் கெடுத்துட்டு மெஷினைக் கொஞ்சறீங்களா? கோர்ட்ல உங்க பேரைச் சொல்லப் போறேன்.”

“தாராளமா சொல்லு. எழுபத்திரெண்டு வயசுல என்னை எந்த ஊருக்கு டிரான்ஸ்பர் பண்ணுவாங்க?” சட்டென்று சிரிப்பை நிறுத்தி அவரை உற்றுப் பார்த்தாள். “நெஜமாவே ஞாபகம் இல்லையா உனக்கு? தேதியைப் பார்த்தியா?”

பார்க்கவில்லை. ஊருக்கெல்லாம் தேதி சொன்னவர், கையெழுத்தையும் ‘ந’வையும் பார்த்த கோபத்தில் தேதியைக் கோட்டைவிட்டிருந்தார்.

மார்ச் 11. மனைவிக்கு ஆபரேஷன் நடந்த நாள்.

“ஆஸ்பத்திரியிலிருந்து போன் பண்ணினே,” என்றாள் அக்கா மெதுவாக. “உனக்குப் பிரமோஷன் ஆர்டர் வந்திருக்கு, ஏழு நாள்ல வெளியூர்ல போய்ச் சேரணும்னு சொன்னேன். ‘என்னை மந்திரியாக்கினாலும் இந்த வராந்தாவை விட்டு நகர மாட்டேன். டிராயர்ல என் தாள் இருக்குல்ல, அடிச்சு விட்டுடுங்க’ன்னே. அழுதுட்டிருந்தே. பேசி முடிக்கறதுக்குள்ள காசு தீர்ந்து கட்டாயிடுச்சு. திரும்பி வந்தப்போ நீயும் அந்தப் பேச்சை எடுக்கலை, நானும் எடுக்கலை.”

பச்சைச் சுவர். சுவரில் தொங்கிய போன். உள்ளங்கை வியர்வையில் ஒட்டிய கடைசி நாணயம். ஒன்றன்பின் ஒன்றாக எல்லாம் வந்து நின்றன. அவர் நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார்.

“டீ போடறேன்,” என்றாள் அக்கா. “முதல்ல பட்டனைச் சரியாப் போடு.”

மறுநாள் வக்கீலம்மா உற்சாகமாக இருந்தாள். “சார், ஆபீஸ் வரவு முத்திரையில ‘நேரில் பெறப்பட்டது’ன்னு இருக்கு. அன்னைக்கு நீங்க லீவு. கடிதமே பொய்னு அடிச்சு நொறுக்கிடலாம்!”

“கடிதம் நெஜம்மா. நான்தான் அடிக்கச் சொன்னேன்.”

அவள் நகலை இழுத்துப் படித்தாள். “‘இந்த ஆண்டுக்கான’னுதான் இருக்கு. அடுத்த வருஷம் உங்களைக் கூப்பிட்டிருக்கணும். கூப்பிடாதது அவங்க தப்பு. அதை வச்சுப் போராடலாம். ஆனா அந்த முதல் வருஷம் உங்களுக்குக் கிடைக்காது. பரவாயில்லையா?”

தேதி சார் மனுவை வாங்கி, கேட்டிருந்த தேதியில் வருடத்தை மட்டும் அடித்து, அடுத்த வருடத்தை எழுதிச் சுருக்கொப்பம் போட்டார்.

வீட்டில் மனைவி கதவருகிலேயே நின்றிருந்தாள். “என்னங்க, ஆபீசர் ஆயிட்டீங்களா இல்லையா?”

“ஆகலாம். ஒரு வருஷம் குறையும்.”

“எவன் அதை எடுத்துக்கிட்டது?”

“நீதான்,” என்று சொல்லிவிட்டுச் செருப்பைக் கழற்றினார். “விடு. நல்லாத்தானே செலவாச்சு.”