முக்காலே அரைக்கால் அடி

அப்பா போன பிறகு அண்ணனும் தம்பியும் வீட்டை இரண்டாகப் பிரித்துக்கொண்டார்கள். கூடத்தின் நடுவே சுவர் எழுப்புவதென்று முடிவானது. அந்தக் கூடத்தில்தான் அம்மா படுத்துக் கிடந்தாள். இடுப்பெலும்பு முறிந்ததிலிருந்து அவளுக்குக் கட்டில்தான் எல்லாம்.

தொடக்கப்பள்ளியில் கணக்கு டீச்சராக இருந்தவள் அவள். பிள்ளைகளுக்குப் பின்னம் சொல்லிக்கொடுத்ததும் அவள்தான். மூன்றேகால் மீட்டர் துணியில் சட்டைக்கு ஒன்றரை மீட்டர் போனால் மிச்சம் எவ்வளவு என்று, துணி மடித்துக்கொண்டே கேட்பாள். விடை சொன்னால்தான் விளையாடப் போகலாம்.

மேஸ்திரி நூல் பிடித்து அளந்தார். கூடத்தின் அகலம் பதினாறரை அடி. சுவருக்கு முக்கால் அடி போனால் மீதி பதினைந்தே முக்கால். ஆளுக்கு ஏழே முக்காலே அரைக்கால் என்று அண்ணன் மனக்கணக்காகவே சொல்லிவிட்டான். பிறகு கட்டிலை அளந்தான். ஆறேகால் அடி. சமையலறைக்குப் போக இரண்டரை அடி வழி விட வேண்டும். ஆக எட்டே முக்கால்.

"முக்காலே அரைக்கால் அடி உதைக்குதுடா. என் பக்கம் கட்டில் அடங்காது."

தம்பி டேப்பை வாங்கித் தானும் அளந்தான். அவன் பக்கமும் அதே கணக்குதான்.

கட்டிலை நீளவாக்கில் திருப்பிப் போட்டால் வாசல் அடைபடும் என்றாள் அண்ணன் மனைவி. ஆமாம் என்றாள் தம்பி மனைவி. பாகப் பேச்சு தொடங்கியதிலிருந்து இருவரும் ஒத்துப்போனது அந்த ஒரு விஷயத்தில்தான். சுவரை மெல்லிசாக எழுப்பலாமா என்று மேஸ்திரி கேட்டுப் பார்த்தார். அது நிற்காது என்று ஆண்கள் இருவரும் மறுத்தார்கள்.

அம்மா கண்ணை மூடியபடி கேட்டுக்கொண்டிருந்தாள்.

"நான் நாலரை அடிதான். கட்டில்ல ஒண்ணரை அடியை அறுத்துருங்க. வழியோட சேர்த்து ஏழேகால். எந்தப் பக்கம் போட்டாலும் அடங்கும்."

விடை சரியாக இருந்ததுதான் அவர்களுக்கு இடைஞ்சல்.

"அதை அப்புறம் பேசிக்கலாம்மா," என்றான் அண்ணன்.

"விடை வந்த பிறகு கேள்வியை மாத்தாதீங்கடா."

தச்சர் வந்து கட்டிலை அறுத்துக் கால்களைத் தள்ளிப் பொருத்திக் கொடுத்தார். எந்தப் பக்கம் போடுவது என்பதை மட்டும் யாரும் பேசவில்லை. மறுநாள் ஆண்கள் இருவரும் வேலைக்கும், தம்பி மனைவி பிறந்த வீட்டுக்கும் போயிருந்தார்கள். கலவை குழைக்க இடம் போதாமல், மேஸ்திரியின் ஆட்கள் கட்டிலை அம்மாவோடு சேர்த்துத் தம்பி பக்கம் தள்ளினார்கள். அண்ணன் மனைவி பார்த்துக்கொண்டு நின்றாள். மாலையில் தம்பி திரும்பியபோது சுவர் தோளுயரம் வந்திருந்தது.

அண்ணன்தான் ஆள் வைத்துத் தள்ளச் சொன்னான் என்று தம்பி இன்றைக்கும் நினைக்கிறான். அவனோடு பேச்சு நின்றுவிட்டது. அம்மாவோடும் அவன் அதிகம் பேசுவதில்லை. மருமகள் தட்டைக் கட்டிலோரம் வைத்துவிட்டுப் போவாள். அம்மா, நீட்டினால் கட்டிலைத் தாண்டிப் போகும் காலை மடக்கி, ஒருக்களித்துப் படுத்தபடி சாப்பிடுவாள்.