மேசைக்குப் போகாதவள்

என் அக்கா ஃபென்னா, கோயில் மேசையில் அப்பமும் திராட்சரசமும் பகிரும் திருவிருந்தை முப்பத்து நான்கு வருஷமாக எடுத்ததில்லை. முதல் புருஷன் குடித்துவிட்டு அவள் கையை முறித்தபோது அவனை விட்டு வந்தாள். இரண்டு வருஷம் கழித்து ஹார்மைக் கட்டிக்கொண்டாள். அந்த வாரமே சபை மூப்பர்கள் மூன்று பேர் கறுப்புக் கோட்டுடன் வீட்டுக்கு வந்தார்கள். விவாகரத்தானவள் இன்னொருவனை மணந்தால் அது விபசாரம் என்று வேதம் சொல்கிறது, இனி மேசைக்கு வரக்கூடாது என்று சொல்லிவிட்டு, வைத்த காப்பியைத் தொடாமல் எழுந்து போனார்கள். அந்த மூன்று பேரில் ஒருவர் எங்கள் அப்பா.

பிறகு எங்கள் க்ரோனிங்கன் பக்கத்துச் சபைகளும் மாறின. அந்த மூப்பர்கள் ஒவ்வொருவராகக் கல்லறைக்குப் போய்ச் சேர்ந்தார்கள், அப்பாவும்தான். புதிதாக வந்த போதகர் இரண்டு முறை வீடு தேடி வந்து அக்காவை அழைத்தார். “நீங்க விடுவீங்க ஐயா, புத்தகம் விடலையே” என்று சொல்லி பிஸ்கட் டப்பாவை மூடிவிட்டாள். எங்கள் ஊரில் டப்பாவை மூடினால் பேச்சு முடிந்தது என்று அர்த்தம்.

வெள்ளைத் துணி விரித்த நீண்ட மேசையைச் சுற்றி ஊரே உட்கார்ந்திருக்க, அவள் கடைசி வரிசையில் இருப்பாள். அவள் போகாத இடத்துக்கு நான் மட்டும் எதற்கு என்று ஹார்மும் அவள் பக்கத்திலேயே இருந்துவிடுவார். நான் போவேன். நான் பல்கலைக்கழகத்தில் புதிய ஏற்பாடு நடத்துகிற பேராசிரியன். நானே போகாவிட்டால் நன்றாகவா இருக்கும்?

இந்த மார்ச்சில் ஹார்ம் கோடையைத் தாண்டமாட்டார் என்று டாக்டர் சொல்லிவிட்டார். நாற்பது வருஷம் கால்வாய் மதகைப் பார்த்துக்கொண்ட மனிதர்; இப்போது மூக்கில் குழாயும் பின்னால் சக்கரம் வைத்த ஆக்சிஜன் சிலிண்டருமாக நடக்கிறார். பார்க்கப் போயிருந்தேன். அக்கா கொல்லையில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்த நேரம் பார்த்து என் சட்டையைப் பிடித்தார்.

“வுப்போ, உன் படிப்பெல்லாம் எதுக்குடா இருக்கு? பெரிய வெள்ளிக்கு நான் அவளோட அந்த மேசைல ஒரு தடவை உக்காரணும். ஒரே தடவை. நான் கேட்டா சிரிச்சு மழுப்புறா. நீ சொல்லு. அவளுக்குப் புத்தகத்துலேருந்து சொல்லணும்.”

“சொல்றேன் அத்தான்.”

பட்டாணி சூப் குடிக்கும்போது ஆரம்பித்தேன். எனக்கு இது மனப்பாடம். ஒவ்வொரு அக்டோபரிலும் மாணவர்களுக்கு நடத்துகிற பாடம்.

“அக்கா, இயேசுகிட்ட அந்தக் காலத்து வேத பண்டிதருங்க கேட்ட கேள்வி என்னன்னு முதல்ல பாரு. எந்தக் காரணம் சொல்லியும் பொண்டாட்டியைத் தள்ளிவிடலாமான்னு கேட்டாங்க. அப்ப அவங்களுக்குள்ள அதான் பெரிய சண்டை. சமையல் கருகிப்போனாக்கூட தள்ளுதற்சீட்டு எழுதிக் குடுக்கலாம்னு ஒரு கூட்டம் சொல்லுச்சு. சீட்டு வாங்கினவ தெருவுலதான் நிக்கணும். அந்த ஆம்பளைங்க மூஞ்சிக்கு நேரா அவர் சொன்ன பதில்தான் அந்த விபசார வசனம்.”

“அடிச்சு ஒடைச்சா?”

“பொண்டாட்டிக்குச் சோறும் துணியும் குடுக்காதவனை, அவளை விட்டுருடான்னு அவங்க நியாயசபையே கட்டாயப்படுத்த முடியும். சோறு குடுக்காதவனுக்கே அப்படின்னா அடிக்கறவனுக்கு? அதுல யாருக்கும் தகராறு இல்ல. தகராறு இல்லாததை யாரு போய் அவர்கிட்ட கேப்பாங்க? கை முறிஞ்சு ஓடி வந்தவளைப் பத்தி அங்க பேச்சே இல்லக்கா. இதை ஒத்துக்காத அறிஞருங்களும் உண்டு. ஆனா நான் நம்பறேன்.”

அக்கா கரண்டியைக் கீழே வைத்தாள். அழுவாள் என்று நினைத்தேன், என் கைக்குட்டையைக்கூடத் தொட்டுப் பார்த்துக்கொண்டேன்.

“இதை நீ எப்ப கண்டுபிடிச்ச?”

“நான் எங்கக்கா கண்டுபிடிச்சேன்? எல்லாரும் படிக்கறதுதான். ரெண்டாம் வருஷப் பாடம்.”

எதைக் கேட்டாலும் துல்லியமாகப் பதில் சொல்லிவிடுகிற வாத்தியார் புத்தி. அதைச் செருப்பால்தான் அடிக்க வேண்டும்.

“நீ ரெண்டாம் வருஷம் படிச்சது எண்பத்தஞ்சுல” என்றாள் அக்கா மெதுவாக. “நான் இவரைக் கட்டின வருஷம்.”

ஹார்ம் தன் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“ஊர்ப் பிள்ளைங்களுக்கெல்லாம் வருஷா வருஷம் சொல்லிக்குடுத்திருக்க. ஒரே வயித்துல பொறந்தவகிட்ட சொல்லத் தோணலையாடா?”

எங்கள் துறையில் ஒரு பழக்கம் உண்டு. வகுப்பில் பேசுவதைக் கோயில் வாசலிலேயே துடைத்துவிட்டு உள்ளே போவோம். எளிய ஜனங்களின் விசுவாசத்தைக் கலைக்கக் கூடாதாம். கேட்க எவ்வளவு பெருந்தன்மையாக இருக்கிறது! ஞாயிற்றுக்கிழமைகளில் எத்தனையோ கிராமங்களில் பிரசங்கம் செய்திருக்கிறேன். ஒரு நாளும் இதைத் தொட்டதில்லை.

“அப்பாவுக்குப் பயந்தேன்” என்றேன்.

“அப்பா போய் எட்டு வருஷமாச்சு.”

பாதி குடித்திருந்த என் சூப்பை அப்படியே எடுத்துக்கொண்டு போய்த் தொட்டியில் கொட்டினாள்.

அதன்பின் மூன்று வாரம் என்னோடு பேச்சில்லை. பெரிய வெள்ளி மாலை நீலக் கோட்டு போட்டுக்கொண்டு கோயிலுக்கு வந்தாள். மேசைக்கு வருவதாக ஹார்மிடம் சொல்லியிருந்தாளாம். அவர் முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. கடைசி வரிசையில் எனக்கும் ஹார்முக்கும் நடுவில் உட்கார்ந்தாள். என் பக்கம் திரும்பவில்லை.

போதகர் அழைத்ததும் ஊரோடு ஹார்மும் எழுந்தார். கற்தரையில் சிலிண்டர் கடகடக்க, முன்னால் போய் மேசையில் உட்கார்ந்தார். பக்கத்து நாற்காலியைத் தன் கையாலேயே இழுத்து வைத்துவிட்டுத் திரும்பிப் பார்த்தார். அக்கா அசையவில்லை. போதகர் அப்பத்தைக் கையில் எடுக்காமல் காத்திருந்தார். ஒவ்வொரு தலையாகத் திரும்பியது.

“என்னக்கா? போ” என்று கிசுகிசுத்தேன். “உனக்குத் தடையே இல்லன்னு சொன்னேனே.”

“அந்தத் தடை போயிடுச்சு. இது வேற.” அவள் கண் ஹார்ம் மேலேயே இருந்தது. “சகோதரனோட மனஸ்தாபம் இருந்தா, காணிக்கையை அங்கயே வெச்சுட்டு முதல்ல போய் ஒப்புரவாகுன்னு இருக்கு. எனக்கு உன்மேல ஆத்திரம் ஆறலடா. எப்படிப் போவேன்?”

அங்கே அந்த மனிதர் மூச்சைப் பிடித்துக்கொண்டு அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தாலே பெரிய விஷயம்.

“அது உனக்குச் சொன்னது இல்லக்கா. ‘உன் பேரில் அவனுக்குக் குறை இருந்தா’ன்னுதான் இருக்கு. குறைபட்டவ நீ. குறைக்குக் காரணமானவன் நான். போகக் கூடாதவன் நான்தான்.”

அப்போதுதான் என் பக்கம் திரும்பினாள்.

“அதுக்கும் அந்தக் காலத்து வழக்கம்னு ஏதாவது வெச்சிருக்கியா?”

“இல்லக்கா. அது எழுதியிருக்கறபடியேதான். உன் முப்பத்தி நாலு வருஷத்தை நான் எடுத்துட்டேன். மன்னிச்சிரு.”

சத்தமாகவே சொல்லிவிட்டேன் போலிருக்கிறது. மேசையில் யாரோ செருமினார்கள்.

“இப்ப என்னால சொல்ல முடியாதுடா.”

“சொல்ல வேணாம். நீ போ.”

அக்கா எழுந்து கோட்டை நீவிவிட்டு நடந்தாள். ஹார்ம் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். அப்பம் வந்தது, பிட்டு அவருக்குக் கொடுத்தாள். கிண்ணம் வந்தது. அவளே பிடித்து அவரைக் குடிக்கவைத்தாள். அவர் அழுதார், கூச்சமே இல்லாமல். பிறகு அவள் குடித்தாள்.

மேசைக் கோடியில் இன்னொரு நாற்காலி காலியாக இருந்தது. போதகர் கண்ணால் என்னையும் கூப்பிட்டார். நான் எழவில்லை.