மூன்று வீட்டுப் பூனையில் நான்காவது வீடு

ரைஃபிள் ரேஞ்ச் அடுக்குமாடியின் ஒன்பதாம் மாடியில் குடியிருந்த சுப்பையா, பூட்டிய வீட்டுக்குள்ளிருந்து காணாமல் போய், குழந்தைகளின் படப்புத்தகம் ஒன்றின் ஏழாம் பக்கத்தில் காணப்பட்டார். அன்று மழை இல்லை. பினாங்குப் பாலத்தில் வழக்கமான நெரிசல்தான் இருந்தது. அவருடைய மகள் ரமணி, பாலத்துக்கு அக்கரையில் உள்ள புக்கிட் தெங்கா தொழிற்சாலையின் பேருந்திலிருந்து இறங்கி வீட்டுக்கு வந்து, கம்பிக்குள் கைவிட்டுத் தன் சாவியால் கிரில் கதவைத் திறந்தபோது, ஜன்னல்கள் எல்லாம் உள்பக்கம் தாழிட்டபடியே இருந்தன. அப்பாவின் செருப்பு வாசலில் இருந்தது. மேசைமேல் புத்தகம் விரிந்து கிடந்தது.

அந்தப் புத்தகத்தை வாங்கி வந்தவளே அவள்தான். பாலர் பள்ளி ஆசிரியை லோகேஸ்வரி எழுதிப் படம் வரைந்த ‘மூன்று வீட்டுப் பூனை’ அது. ஜார்ஜ்டவுனில் உண்மையாகவே திரிந்த ஒரு பூனையைப் பற்றியது. மஞ்சள் உடம்பு, பாதியில் முறுக்கிக்கொண்ட குட்டை வால். சூலியா தெருவில் ஜபருல்லாவின் நாசி கண்டார் சோற்றுக்கடையில் அதற்குப் பெயர் சுல்தான், சாப்பாடு மீன் தலை. நாலு சந்து தள்ளி, தையல் வேலை செய்யும் ஹாஜராவின் வீட்டில் அதற்குப் பெயர் ராணி, அவித்த கெம்போங் மீன். சீன மருந்துக் கடையில் அதற்குப் பெயர் ஆ ஹுவாட், காய்ந்த நெத்திலி. ஒவ்வொரு வீட்டிலும் அது மூன்று நாள் பட்டினி கிடந்ததுபோல் முகத்தை வைத்துக்கொண்டு போய் நிற்கும். லோகேஸ்வரி இதையெல்லாம் பின்னாலேயே போய்ப் பார்த்து வரைந்திருந்தாள். அவள் பார்க்காதது ஒன்று உண்டு. மதியத்துக்குமேல் அந்தப் பூனை ரைஃபிள் ரேஞ்சுக்கு வந்து, மின்தூக்கிக்கு முன்னால் ஆட்களோடு ஆளாக நின்று, ஒன்பதாம் மாடியில் இறங்கும். அங்கே அதற்குப் பெயர் தம்பி. மைலோவில் நனைத்த ரொட்டி.

துறைமுகத்தில் பாரந்தூக்கி ஓட்டி ஓய்வு பெற்ற சுப்பையாவுக்கு, மனைவி போன பிறகு பகலில் பேச்சுத்துணை அந்தப் பூனை ஒன்றுதான். அது தன்னிடம் மட்டும் வருகிறது, தான் இல்லாவிட்டால் செத்துப்போகும் என்று நம்பிக்கொண்டிருந்தார். வாலைப் பார்த்து அதே பூனை என்று தெரிந்துகொண்ட ரமணி, அப்பா சந்தோஷப்படுவார் என்று நினைத்துப் புத்தகத்தை வாங்கிக் கொடுத்தாள். அவர் கண்ணாடி போட்டுக்கொண்டு முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம்வரை பார்த்தார். மறுபடியும் முதலிலிருந்து பார்த்தார்.

“நம்ம வீடு இதுல இல்லையே,” என்றார்.

டீச்சருக்குத் தெரிந்திருக்காது என்று ரமணி சொன்னாள். மறுநாள் பூனை வந்ததும் சுப்பையா ஜன்னல்களைத் தாழிட்டு, கிரிலுக்கு உள்பக்கம் பூட்டுப் போட்டார். ரமணி சாயங்காலம் வந்து, அதை விட்டுவிடும்படி சொல்லிப் பார்த்தாள். பூனை கதவடியில் உட்கார்ந்து, கத்தாமல், அவரையே பார்த்துக்கொண்டிருந்தது. மூன்றாம் நாள் அவர் வீட்டில் இல்லை. பூனையும் இல்லை.

ஏழாம் பக்கம் ஹாஜராவின் வீடு. முன்பு பாயும் தையல் இயந்திரமும் பூனையும் மட்டுமே இருந்த அந்தப் படத்தில், இப்போது பனியனும் கைலியுமாகச் சுப்பையா சம்மணமிட்டு உட்கார்ந்திருந்தார். மடியில் பூனை. மற்றப் படங்களின் அதே கோடு, அதே நீர்வண்ணம். இடது புருவத்தின் தழும்புகூட விடுபடவில்லை. விசாரித்ததில், விற்றுப்போன புத்தகங்கள் எல்லாவற்றிலும் அவர் இருந்தார். கெப்பாலா பத்தாஸில் ஒரு குழந்தை அவருக்கு மீசை வரைந்து வைத்திருந்தது. அது மறுநாள் அழிந்துவிட்டது. போலீஸ்காரர் இக்மல் சுப்பையாவின் அடையாள அட்டையைப் படத்தோடு பக்கத்தில் வைத்து நெடுநேரம் பார்த்துவிட்டு, ஆள் கிடைத்துவிட்டார்தானே என்று மலாயில் கேட்டார். ரமணியால் இல்லை என்று சொல்ல முடியவில்லை.

அவள் ஹாஜராவின் வீட்டைத் தேடிப் போனாள். ஹாஜரா கதவைத் திறந்து, உள்ளே வரும்படி கை காட்டினாள். பாயின்மேல் பூனை தூங்கிக்கொண்டிருந்தது. சரியாகச் சொன்னால் பாயின்மேல் இல்லை, பாய்க்கு ஒரு சாண் மேலே, ஒருவர் சம்மணமிட்டால் மடி இருக்கும் உயரத்தில் தூங்கிக்கொண்டிருந்தது. கீழே ஒன்றும் இல்லை. அதன் முதுகு ரோமம் மட்டும், யாரோ தடவுவதுபோல் படிந்து படிந்து எழுந்தது. சில நாளாகவே பூனை இப்படித்தான் என்றாள் ஹாஜரா. ஆள் இருப்பது தெரிந்த பிறகு சும்மா விட மனம் வராமல், பாய்க்குப் பக்கத்தில் ஒரு குவளை தேநீர் வைத்திருந்தாள்.

“உங்கப்பா டீயில சீனி போடுவாரா?”

“கொறச்சுப் போடுங்கக்கா,” என்றாள் ரமணி. “இனிப்புநீர் வியாதி இருக்கு.” அதைச் சொன்ன பிறகுதான் அவளுக்கு அழுகை வந்தது.

பூனை ஜபருல்லாவின் கடைக்குப் போன நாட்களில் சுப்பையா மூன்றாம் பக்கத்தில் இருந்தார். மருந்துக் கடைக்குப் போனால் பதினோராம் பக்கம். ஜபருல்லா ஒரு மேசையை ஒதுக்கிவிட்டு, கூட்டம் நெருக்கினாலும் அதில் யாரையும் உட்கார விடவில்லை. சுப்பையாவின் முகம் படத்துக்குப் படம் தெளிந்துகொண்டே வந்தது. துறைமுகத்தை விட்ட பிறகு அவர் இத்தனை வீடுகளுக்குப் போனதில்லை. ஒன்பதாம் மாடிக்கு மட்டும் பூனை வரவில்லை. அடைத்துவைத்த வீட்டைப் பூனைகள் மறப்பதில்லை. அதோடு, அந்த வீடு புத்தகத்திலும் இல்லை.

மாதம் ஒன்று ஆனது. ரமணி லோகேஸ்வரியிடம் போனாள். சுப்பையா உள்ளே போனதிலிருந்து லோகேஸ்வரி தூரிகையைத் தொடவில்லை. அவரை வெளியே கொண்டுவரத் தனக்குத் தெரியாது என்று முதலிலேயே சொல்லிவிட்டாள்.

“வெளிய கொண்டு வர வேணாம் டீச்சர். அவரு நல்லாத்தான் இருக்காரு, பாத்தாலே தெரியுது. எங்க வீட்டையும் வரைஞ்சு குடுங்க. அதுதான் அவரு கேட்டது.”

கடைசி அட்டையின் உள்பக்கம் வெறுமையாக இருந்தது. ரமணியின் புத்தகத்தில், அவள் சொல்லச் சொல்ல, லோகேஸ்வரி வரைந்தாள். திறந்த கிரில், சாமிப்படம், பினாங்குக் குன்று தெரியும் ஜன்னல், நீலப் பிளாஸ்டிக் நாற்காலி. ஒரு நாற்காலி போதுமா அக்கா என்று லோகேஸ்வரி கேட்டாள். வரைந்த நாற்காலிக்குப் பக்கத்தில் ரமணி விரலை வைத்தாள்.

“ரெண்டு போடுங்க.”

லோகேஸ்வரி அவளை நிமிர்ந்து பார்த்தாள். பிறகு வரைந்தாள். ஈரம் காய்வதற்குள், தீவிலும் அக்கரையிலும் இருந்த எல்லாப் புத்தகங்களிலும் அந்தப் படம் வந்துவிட்டது.

அதற்குப் பிறகு ரமணி வேலைக்குப் போகும்போது கிரிலைப் பூட்டவில்லை. எதிர்வீட்டு வடிவம்மாள், திருடன் வருவான் என்று எச்சரித்தாள். திருடன் வரவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் மின்தூக்கி திறந்தது. வடிவம்மாளின் காய்கறிப் பைகளுக்கு நடுவிலிருந்து பூனை இறங்கி நடந்து வந்தது. வாசலில் வெகுநேரம் நின்று, கதவின் இரண்டு பக்கமும் முகர்ந்து பார்த்தது. பிறகு உள்ளே வந்து, நீல நாற்காலிக்கு ஒரு சாண் மேலே சுருண்டு படுத்தது. நாற்காலியின் கால்கள் லேசாக முனகின. ரமணி அடுப்பை அணைத்துவிட்டு, அதன் எதிரில் உட்கார்ந்தாள்.

“சாப்பிட்டீங்களாப்பா?” என்று கேட்டாள்.

புத்தகம் இப்போது இரண்டாம் பதிப்பு. பெயரை நான்கு வீட்டுப் பூனை என்று மாற்றியிருக்கிறார்கள். பாலர் பள்ளியில் பிள்ளைகள் தினமும் காலையில் அதைத் திறந்து, தாத்தா இன்றைக்கு எந்த வீட்டில் என்று பார்த்து, அவருக்கு வணக்கம் சொல்லிவிட்டுத்தான் பாடத்துக்குப் போகிறார்கள். கடைசிப் பக்கத்தில் அவர் பக்கத்திலுள்ள நாற்காலி ஏன் காலியாக இருக்கிறது என்று புதிதாகச் சேரும் பிள்ளைகள் கேட்பதுண்டு. அது வேலைக்குப் போயிருக்கும் ஓர் அக்காவுடையது, அவர் வர நேரமாகும் என்று லோகேஸ்வரி சொல்கிறாள். பிள்ளைகள் தலையாட்டிவிட்டுப் புத்தகத்தை மூடி வைக்கிறார்கள்.