வாய் நிறையத் தண்ணீர்

வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள். நான் அப்படித்தான் பிழைத்தேன். குளிர்சாதனப் பெட்டி செய்கிற கம்பெனி ஒன்றின் புகார்ப் பிரிவில் காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, பல வருஷம் பேசிப் பேசியே சம்பளம் வாங்கியவள் நான். பெட்டி குளிரவில்லை என்று கத்திக்கொண்டு வருகிறவர், கடைசியில் தன் மருமகளைப் பற்றி என்னிடம் யோசனை கேட்டுவிட்டுத்தான் போனை வைப்பார்.

அப்புறம் ஒருநாள் எனக்கே அலுத்துப்போனது. மோசமாகச் செய்த பொருளுக்கு இனிமையாகச் சமாதானம் சொல்வதைவிட, பொருளையே ஒழுங்காகச் செய்தால் என்ன? வேலையை விட்டுவிட்டு, தொட்டால், நடந்தால், கதவைத் திறந்தால் தானே புரிந்துகொண்டு பதில் தருகிற பொருள்களை வடிவமைக்கச் சொல்லித்தரும் ஸ்டுடியோ படிப்பில் சேர்ந்தேன். பழைய மேனேஜர் மட்டும் விடவில்லை. "உன் நாற்காலி காலியாத்தான் இருக்கு. தேர்வு முடியட்டும், அதுவரைக்கும் பார்க்கிறேன்" என்றார். தேறாவிட்டால் திரும்பவும் அந்த ஹெட்போன்தான். நினைத்தாலே காது வலித்தது.

ஸ்டுடியோவில் சேர்ந்த முதல் நாளே இறுதித் தேர்வின் விதியைச் சொல்லிவிட்டார்கள். தெருவில் போகிற யாராவது ஒருவரைக் கூப்பிட்டு வருவார்கள். அவர் நாம் செய்த பொருளைப் பயன்படுத்திப் பார்ப்பார். செய்தவர் பக்கத்தில் வாய் நிறையத் தண்ணீரை வைத்துக்கொண்டு நிற்க வேண்டும். வந்தவர் முடிக்கும்வரை முழுங்கவும் கூடாது, துப்பவும் கூடாது. பொருள் தன்னைத் தானே புரியவைக்க வேண்டும், அதற்காகத்தான் இந்த ஏற்பாடு.

எல்லோரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அதற்குள்ளேயே வகுப்பில் எனக்கு 'ரேடியோ' என்று பெயர் வைத்தாகிவிட்டது.

எங்கள் ஆசிரியைக்கு 'ஏன் மேடம்' என்று பெயர். என்னைவிட வயதில் சின்னவர். நாம் எதைக் கொண்டுபோய் நீட்டினாலும் ஒரு நிமிஷம் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு "ஏன்?" என்பார், அவ்வளவுதான். என்னோடு சேர்ந்து வேலை செய்தவன் 'ஒயர்'. சட்டைப் பையிலிருந்து எப்போதும் இரண்டு ஒயராவது எட்டிப் பார்க்கும். மின்சுற்றெல்லாம் அவன் பொறுப்பு. என்ன செய்யலாம் என்று யோசிப்பது என் பொறுப்பு. பேச்சும் என் பொறுப்புதான், யாரும் தராவிட்டாலும்.

என்ன செய்யலாம் என்பதற்கு நான் வெளியே தேடவில்லை. என் கணவர் பேக்கரியில் அடுப்பு பார்ப்பவர். இரவெல்லாம் ரொட்டி சுட்டுவிட்டு, காலையில் நான் ஸ்டுடியோவுக்குக் கிளம்பிப் போன பிறகு வீடு திரும்புவார். சாயந்தரம் நான் வருவதற்குள் கிளம்பியிருப்பார். ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான் ஒருவர் முகத்தை ஒருவர் வெளிச்சத்தில் பார்ப்போம். இப்படி எதிரெதிர் நேரத்தில் வேலைக்குப் போகிற தம்பதிகளுக்காக ஒரு பெட்டி செய்யலாம் என்று தோன்றியது. கதவில் ஒட்டிய சின்னக் கருவி வழியாக, கதவு திறந்ததும் பெட்டிக்குத் தெரியும். உடனே வீட்டில் இல்லாதவரின் குரலில் பேசும்.

முதல் கட்டமாக என் குரலை மட்டும் பதிவு செய்ய உட்கார்ந்தேன். ஒயர் பாவம், நடுவில் போய் டீ குடித்துவிட்டு வந்தான், நான் நிறுத்தவில்லை. "வந்துட்டீங்களா? கை கால் கழுவுங்க. சாப்பாடு மேசைமேல மூடி வச்சிருக்கேன். ஈரத் தலையோட ஃபேனுக்கு அடியில படுக்காதீங்க." தினம் ஒரு பேச்சு, தினம் ஒரு தொனி. எனக்கே என்மேல் பெருமையாக இருந்தது.

ஏன் மேடம் பெட்டியைக் கையில் எடுத்துப் பார்த்தார். "இது ஏன் பேசணும்?"

"பேசாம எப்படி மேடம்?" என்றேன். அவர் வீட்டில் வைத்துச் சோதித்துப் பார்க்கச் சொன்னார்.

வீட்டு வாசலில் வைத்தேன். முதல் இரண்டு நாளும் கணவர் போனில் "நல்லாயிருக்கு" என்றார். அடுத்த நாள் சாயந்தரம் நான் கதவைத் திறந்தபோது பெட்டியைக் காணோம். ஆனால் என் குரல் மட்டும் எங்கிருந்தோ மூச்சுமுட்டக் கேட்டது. அலமாரியைத் திறந்தால், போர்வைகளுக்கு நடுவில் அமுக்கி வைத்திருந்தார். "கை கால் கழுவுங்க" என்று உள்ளிருந்து நானே எனக்குச் சொல்லிக்கொண்டிருந்தேன்.

எனக்குக் கோபம் வந்தால் சும்மா வராது. ஞாயிற்றுக்கிழமைவரை அடக்கி வைத்திருந்து, அவர் எழுந்து உட்கார்ந்ததும் ஆரம்பித்தேன்.

"என் குரல் பிடிக்கலைன்னா மூஞ்சிக்கு நேரா சொல்லியிருக்கலாமே. போர்வைக்குள்ள வச்சு அமுக்கணுமா?"

"பிடிக்கலைன்னு யார் சொன்னா?" என்றார். "உள்ள வந்ததும் நீ பேசுற. திரும்பிப் பார்த்தா நீ இல்ல. அது நல்லாவா இருக்கு?"

அவரை நான் இவ்வளவு தனியாக விட்டிருக்கிறேன் என்று அப்போதுதான் உறைத்தது.

ஏன் மேடத்திடம் நடந்ததைச் சொன்னேன். "அவர் என்ன சொன்னார்னு கேட்டாச்சு. வீட்டுக்குள்ள வந்ததும் என்ன பண்றார்னு பார்த்தீங்களா?" என்றார். ஸ்டுடியோவில் அதற்கும் ஒரு பயிற்சி உண்டு. ஒரு மூலையில் உட்கார்ந்து, பேசாமல், உதவாமல், குறுக்கே போகாமல் வேடிக்கை மட்டும் பார்க்க வேண்டும். அப்படிப் பார்க்கப்போவதைப் பார்க்கப்படுகிறவரிடம் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும்.

சொல்லிவிட்டு ஒருநாள் லீவு போட்டேன். காலையில் காபி குடித்தேன், கப்பைத் தொட்டியில் போட்டேன், மூலை நாற்காலியில் போய் உட்கார்ந்தேன். "நான் இங்க இல்லைன்னு நினைச்சுக்கோங்க" என்று கதவு திறந்ததும் சொன்னேன். அதோடு என் பேச்சு முடிந்தது.

இல்லாதவளைப் போல நினைக்க அவர் ரொம்பப் பாடுபட்டார். முதுகை விறைத்துக்கொண்டு நடந்தார். செருப்பை நேராக வைத்தார், எந்த நாளும் வைக்காதவர். நான் உதட்டைக் கடித்துக்கொண்டேன். பிறகு தூக்கக் கலக்கத்தில் பழைய ஆளாகிவிட்டார். நேராகச் சமையலறைக்குப் போனார். தண்ணீர் குடிப்பார் என்று பார்த்தால், தொட்டிக்குள் கையை விட்டு என் காபி கப்பைத் தொட்டார். உள்ளங்கையால் அதைச் சுற்றிப் பிடித்துக்கொண்டு சற்று நின்றார். பிறகு சட்டென்று என் பக்கம் திரும்பி, கையும் களவுமாகப் பிடிபட்டவர் போல முழித்தார்.

பயிற்சியாவது ஒன்றாவது என்று எழுந்தேன். "என்னங்க அது?"

"ஒண்ணுமில்ல. தினமும் பார்ப்பேன். சூடா இருந்தா நீ இப்பதான் போயிருக்க. ஆறியிருந்தா, சீக்கிரமே போயிட்டன்னு அர்த்தம். அன்னிக்கு ஸ்டுடியோல வேலை அதிகம், உன்கிட்ட போன்ல வம்பு வச்சுக்கக் கூடாது."

"கழுவி வச்சுட்டுப் போனா?"

"அன்னிக்கு வீடு ஒரு மாதிரி இருக்கும்" என்றார்.

கழுவாமல் போட்டுவிட்டுப் போகிற ஒவ்வொரு நாளும் நான் குற்ற உணர்ச்சியோடு போயிருக்கிறேன். அந்த மனுஷன் அதற்காகவே காத்திருந்திருக்கிறார்.

அன்றைக்கே ஸ்டுடியோவுக்கு ஓடி, பெட்டியைப் பிரித்து ஸ்பீக்கரைப் பிடுங்கிப் போட்டேன். ஒயர் என்னை ஒரு தினுசாகப் பார்த்தான். "அக்கா, நிஜமாவா?"

"நிஜமாத்தான். இது இனி பேசாது. சூடாகும்."

கூழாங்கல் வடிவத்தில், உள்ளங்கைக்கு அடங்குகிற மாதிரி சுட்ட களிமண்ணில் ஒன்று செய்தோம். வாசலை ஒட்டிச் சுவரில் அடித்த பலகையில், சாவிக் கொக்கிக்குக் கீழே அது இருக்கும். கிளம்புகிறவர் கொக்கியிலிருந்து சாவியை எடுத்ததும் கல் சூடாகும். பிறகு மெல்ல மெல்ல ஆறும். வருகிறவர் தொட்டுப் பார்த்தால், போனவர் போய் எவ்வளவு நேரமாகியிருக்கும் என்று கைக்குத் தெரியும். ஏன் மேடம் அதைப் பார்த்தார். "ஏன்?" என்று கேட்கவில்லை. எனக்கு ஆகாயத்தில் மிதக்கிற மாதிரி இருந்தது.

மிதந்தது அதிக நாள் நீடிக்கவில்லை. எவ்வளவு சூடு வேண்டும் என்பதை முடிவுசெய்ய நாங்கள் கேட்டது என் கணவரிடம் மட்டும்தான். கல்லைக் கையில் பிடித்துக்கொண்டு "பத்தல, பத்தல" என்றார். ஒயர் கூட்டிக்கொண்டே போனான். "இப்ப இதமா இருக்கு" என்றார். அதையே எழுதி வைத்துக்கொண்டோம். ஸ்டுடியோவில் ஏன் மேடம் கல்லைத் தொட்டார். தொட்ட வேகத்தில் விரலை வாயில் வைத்துக்கொண்டார். வருஷக்கணக்கில் அடுப்பிலிருந்து ரொட்டித் தட்டு இழுக்கிற கைக்கு எது இதம் என்று யோசிக்காமல் போன இரண்டு மேதாவிகள் அங்கே தலைகுனிந்து நின்றோம். அப்புறம் கண்ணில் பட்ட ஒவ்வொருவர் கையிலும் கல்லைத் திணித்து, சூட்டைக் குறைத்து, தேர்வுக்கு முந்தின நாள்தான் முடித்தோம்.

தேர்வு நாள். ஸ்டுடியோ நடுவில் ஒரு கதவுச் சட்டம், ஒரு பலகை, கொக்கி, கல். எதிரே தேர்வாளர்கள் மூன்று பேர். பின்வரிசையில் என் கணவர், வேலையிலிருந்து நேராக வந்திருந்தார், புருவத்தில் மாவு. உட்கார்ந்த உடனே தலை தொங்கிவிட்டது. நான் கொக்கியிலிருந்து சாவியை எடுத்தேன். தம்ளர் தண்ணீரை வாயில் நிரப்பிக்கொண்டு ஓரமாக நின்றேன்.

காவலாளி பஸ் ஸ்டாப்பிலிருந்து ஒரு அம்மாவைக் கூட்டி வந்தார். கையில் காய்கறிப் பை. அவரிடம் ஓர் அட்டையைக் கொடுத்தார்கள்: 'வேலை முடிந்து வீட்டுக்கு வருகிறீர்கள். வீட்டில் யாரும் இல்லை.'

அந்த அம்மா உள்ளே வந்தார். கை வலித்திருக்கும் போல, முதல் வேலையாகக் காய்கறிப் பையைத் தூக்கி நேராகக் கல்லின்மேல் வைத்தார்.

கல் மறைந்துவிட்டது.

"இதுல என்னம்மா பண்ணணும்?" என்று என்னைக் கேட்டார். உப்பிய கன்னத்தோடு நான் கண்ணை உருட்டினேன். "பல்வலியா?" என்று விசாரித்தார். பின்னால் யாரோ சிரித்தார்கள். அவர் கதவுச் சட்டத்தைத் தட்டிப் பார்த்தார். கொக்கியை ஆட்டிப் பார்த்தார். பலகையின் மரம் நல்ல மரம் என்றார். தேர்வாளர்களில் ஒருவர் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு ஏதோ எழுதினார். பையை எடுங்கம்மா, அந்தப் பையை எடுங்க. அந்தப் பேச்சு என் தொண்டைவரை வந்து தண்ணீரில் முட்டிக்கொண்டு நின்றது. முழுங்கினால் சொல்லிவிடலாம். சொன்னால் ஹெட்போன். ஒயர் என்னைப் பார்க்கக் கூடாது என்று கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அட்டைல போட்டிருக்கிறபடி யாரும் இல்ல. அப்ப நான் கிளம்பட்டுமா, பஸ் வந்துடும்" என்று அந்த அம்மா பையைத் தூக்கினார். பையின் அடியைத் தாங்கிப் பிடித்த கை அப்படியே நின்றது. "தக்காளி சூடாயிருக்கே" என்றார். குனிந்து பலகையைப் பார்த்தார். கல்லைத் தொட்டார். பிறகு பையைக் கீழே வைத்துவிட்டு, கல்லை இரண்டு கையாலும் எடுத்துப் பிடித்துக்கொண்டார். முகம் மாறியது.

"யாரோ இப்பதான் கிளம்பிப் போயிருக்காங்க" என்றார்.

தேர்வாளர் நிமிர்ந்தார். "எப்படிச் சொல்றீங்க?"

"இருந்துட்டுப் போன சூடு தெரியாதா?" கல்லை வைக்க மனமில்லாமல் வைத்திருந்தார். "பாவம், கொஞ்சம் முன்னாடி வந்திருந்தா பார்த்திருக்கலாம்."

நான் பின்வரிசையைப் பார்த்தேன். என் கணவர் விழித்திருந்தார். என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். என் கண் நிறைந்து, தண்ணீர் கன்னத்தில் வழிந்தது. வாய்த் தண்ணீர் மட்டும் ஒரு சொட்டும் சிந்தவில்லை.

"முழுங்கலாம்" என்றார் ஏன் மேடம். முழுங்கினேன். "ஏதாவது விளக்கணுமா?"

கண்ணாடி முன் நின்று விடிய விடியத் தயார் செய்த பேச்சு இருந்தது. "இல்ல மேடம்" என்றேன்.

வகுப்பே என்னைத் திரும்பிப் பார்த்தது. ஒயர் கிட்டே வந்து "அக்கா, உடம்புக்கு முடியலையா?" என்று கேட்டான். தேறிவிட்டோம். பையை வைக்க வேறு இடம் கொடுங்கள் என்று மட்டும் தேர்வாளர்கள் குறிப்பு எழுதியிருந்தார்கள். மேனேஜருக்குப் போன் போட்டு, நாற்காலியை வேறு யாருக்காவது கொடுத்துவிடுங்கள் என்றேன். அவர் பேசிக்கொண்டே போனார். நான் கேட்டுக்கொண்டிருந்தேன், அதுவே அவருக்குப் போதுமானதாக இருந்தது.

கல்லைக் கண்காட்சிக்கென்று ஸ்டுடியோவிலேயே வைத்துக்கொண்டார்கள். மறுநாள் காலை கிளம்பும்போது வீடு வெறிச்சென்று தெரிந்தது. காபி கப்பைக் கழுவவில்லை. அதில் கொதிக்கிற வெந்நீரை ஊற்றி, ஒரு தட்டால் மூடி, தொட்டிக்குள் வைத்துவிட்டுப் போனேன். அவர் வரும்போது நான் இப்போதுதான் போனேன் என்று நினைத்துக்கொள்ளட்டும். கொஞ்சம் ஏமாற்று வேலைதான்.

சாயந்தரம் வீடு திரும்பினேன். வழக்கம்போல அவர் கிளம்பிப் போயிருந்தார். சமையலறைத் தொட்டியில் என் கப் இல்லை. அவருடையது இருந்தது. மேலே அதே தட்டு மூடியிருந்தது.

தொட்டுப் பார்த்தேன். சூடாக இருந்தது. அவர் போய் ஒரு மணி நேரமாவது ஆகியிருக்கும், உள்ளே இருப்பது வெறும் வெந்நீர் என்று எனக்குத் தெரியும். ஆனாலும் கையை எடுக்காமல் அங்கேயே நின்றுகொண்டிருந்தேன்.